தானாக நகர்ந்த அம்புக்குறி

ஜின் பிடித்தது, மௌத்தாகி அடக்கின ஆள் திரும்பி வந்து நின்றார் என்று யாராவது சொன்னால் சிரித்துவிட்டு எழும்பிப் போகிறவள் நான். சாய்ந்தமருதில் பன்னிரண்டு வருடமாகப் பிள்ளைகளுக்கு விஞ்ஞானம் படிப்பிக்கிறேன். நீங்களும் சிரிக்கலாம், ஆனாலும் நடந்ததைச் சொல்கிறேன்.

என் கணவர் நவ்பர் கட்டாரிலிருந்து திரும்பும்போது உள்ளங்கை அளவில் ஒரு கேம் செட் கொண்டுவந்தார். அதில் எல்லாம் அந்தக் காலத்துக் கம்ப்யூட்டர் கேம்கள். சுடுவது, ஓடுவது ஒன்றும் இல்லை; திரையில் தெரியும் சாமான்களை, பெருவிரலால் ஜாய்ஸ்டிக்கைத் தள்ளி, அம்புக்குறியால் தொட்டுத் தொட்டுத் துப்புத் தேட வேண்டும். அவருக்கு இங்கிலிஷ் மட்டு, வாசித்துச் சொல்வது நான். பின்னேரம் அஸர் தொழுதுவிட்டுத் தேத்தண்ணியோடு குனிந்தால் மஃரிப் பாங்கு வரை எழும்ப மாட்டோம். கடைசியாக விளையாடியது, வெளிச்சவீட்டில் காணாமல் போன அண்ணனைத் தம்பி தேடும் கதை. மேல் அறைக் கதவின் பூட்டுக்குத் திறப்பு கிடைக்காமல் இரண்டு கிழமை அங்கேயே நின்றோம்.

நெஞ்சு நோவென்று ஆஸ்பத்திரிக்குப் போன அன்று, "நீ தனிய விளையாடாத புள்ள, நான் வந்தொடன ரெண்டு பேரும் திறப்பம்" என்றார். மூன்றாம் நாள் மௌத்து.

அவர் மௌத்துக்காக நான் இத்தா இருந்து, நாலு மாதம் பத்து நாள் வெளியே போகாத காலத்தில் தங்கை றிஸானா துணைக்கு இருந்தாள். ஒரு பகல், அவருடைய சட்டைகளை மடிக்கும்போது செட் கையில் பட்டது. சார்ஜ் போட்டு, விட்ட இடத்தைத் திறந்து, மடியில் வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தேன், தொடவில்லை, வல்லாஹி தொடவில்லை. அம்புக்குறி நகர்ந்தது. இடப்பக்கமாகப் படிக்கட்டுக்குக் கீழே இறங்கி, அங்கே கிடந்த வாளியில் நின்றது. அந்த வாளியை நாங்கள் ஒருநாளும் கவனித்ததில்லை.

"ராத்தா, ஒங்கட கை அதுல இல்லயே," என்றாள் றிஸானா.

பட்டனை அமத்தினேன். வாளிக்குள் திறப்பு இருந்தது. அம்புக்குறி மேலே ஏறிக் கதவின் பூட்டில் போய் நின்றது.

"மச்சான், நீங்களா?" என்று அவரைக் கூப்பிடுவது போலவே கேட்டேன்.

அம்புக்குறி அசையவில்லை. பயம் வரவில்லை எனக்கு, அழுகைதான் வந்தது. அமத்தினால் கதவு திறக்கும், கதை முடியும், அதற்குப் பிறகு எங்கள் இருவருக்கும் ஒன்றும் மிச்சம் இராது. அப்படியே நிறுத்திவிட்டேன்.

இத்தா முடிந்ததும் கல்முனையில் ஃபோன் திருத்தும் ஒருவரிடம் செட்டைக் கொண்டுபோனோம். வாங்கிப் பார்த்தவுடனேயே, "ஜாய்ஸ்டிக் தேஞ்சி பெய்த்து டீச்சர், தானா இழுக்கும், இந்தா பாருங்க" என்றார். அவர் கையில் அம்புக்குறி நிற்காமல் வலப்பக்கமாக வழுகிக்கொண்டே இருந்தது. றிஸானா வாங்கினாள், அவளுக்கும் அப்படித்தான். மனது லேசானது போலவும் இருந்தது, இன்னொரு தடவை அவரைப் பறிகொடுத்தது போலவும் இருந்தது.

பிறகு என் கையில் தந்தார். அம்புக்குறி நின்றுவிட்டது. அவர் திரும்ப வாங்கினார், வழுகியது. எனக்குத் தந்தார், நின்றது. மனுசன் காசு எடுக்கவில்லை.

இப்போதும் அப்படித்தான். யார் கையிலும் நிற்காதது என் கையில் நிற்கிறது.