கதாநாயகி கிழவியான நாள்

நேற்று பேத்தி போனில் ஒரு படம் காட்டினாள். ஐம்பது வயசுப் பொம்பிளைதான் அதில் கதாநாயகி. நரைத்த முடியோடயே ரெண்டாங் கலியாணம் முடிக்கிறாள். படத்தில் ஒருவரும் சிரிக்கவில்லை. "நல்லா இரிக்கா உம்மம்மா?" எண்டு பேத்தி கேட்டாள். "ஓம்" எண்டேன். சாச்சியின் நினைவு வந்துவிட்டது.

சாச்சி உம்மாவின் தங்கச்சி. புருசன் மௌத்தாகி, இத்தா எண்ட துக்க நாட்களை வீட்டுக்குள் இருந்து முடித்து, நான் சின்னப்பிள்ளையாக இருந்தபோது எங்களோடுதான் இருந்தா. முப்பத்தஞ்சு வயசு இருக்கும். நற்பிட்டிமுனையில் பொண்சாதியை இழந்த ஒரு வயல்காரர் அவவைக் கேட்டு ஆள் அனுப்பியிருந்தார். வெள்ளிக்கிழமை மறுமொழி தருவதாக உம்மா சொல்லியிருந்தா. சாச்சி வாய் திறந்து சம்மதம் எண்டு சொல்லவில்லை. ஆனால் அந்தக் கிழமை முழுக்கக் கிணற்றடியில் பாட்டு முணுமுணுத்துக்கொண்டிருந்தா.

வியாழக்கிழமை எங்களைக் கல்முனைக்குப் படம் பார்க்கக் கூட்டிப்போனதும் அவதான். அவவுக்குப் பிடித்த நடிகை நடித்த படமாம். சாச்சி புதுப்பொண்ணாக இருந்தபோது புருசனோடு பார்த்த படத்தில், கதாநாயகனோடு ஓடிப்பிடித்து ஆடியவள் அவள்.

விளக்கு அணைந்த பிறகு முக்காட்டோடு உள்ளே போய்ப் பெண்கள் பக்கத்தில் இருந்தோம். அந்த நடிகை வந்தாள். வெள்ளைச் சேலை, பஞ்சுபோல் தலை, ஓயாத இருமல். பழைய அதே கதாநாயகன் "அம்மா!" எண்டு ஓடிவந்து அவள் காலில் விழுந்தான். அவன் மட்டும் இளந்தாரியாகவே இருந்தான்.

"அல்லாஹ்வே, அண்டைக்கு இவனுக்குச் சோடி, இண்டைக்கு உம்மாவா?" எண்டாள் பின்னால் இருந்த ஒருத்தி. பெண்கள் பக்கமே சிரித்தது. எங்களோடு வந்த பக்கத்து வீட்டு மாமியும், "இனி என்ன, இருமிக்கிண்டு மூலைக்க கிடக்க வேண்டியதுதானே" எண்டு சேர்ந்து சிரித்தா.

"அவளுக்கு என்ட வயசுதான்" எண்டு சாச்சி மெதுவாகச் சொன்னா. கேட்டது நான் மட்டும்தான்.

வீட்டுக்கு வந்து முக்காட்டைக் கழற்ற முன்னமே, "ராத்தா, அந்த மனிசனுக்கு வேணாண்டு சொல்லிடுங்க" எண்டு உம்மாவிடம் சொன்னா.

"என்னடி புள்ள, பைத்தியமா? நல்ல மனிசன்டி."

"ஊர் சிரிக்கவா?" எண்டுவிட்டு அடுப்படிக்குப் போய்விட்டா.

வெள்ளிக்கிழமை ஜும்ஆத் தொழுகைக்குப் பிறகு மறுமொழி கேட்டு வந்த ஆள் தேத்தண்ணி குடித்துவிட்டுத் திரும்பிப்போனார். அன்று பின்னேரம் சாச்சி பெட்டியைத் திறந்து, ரோசாப்பூப் போட்ட புதுச்சேலை ஒன்றை எடுத்தா. அந்தக் கிழமைதான் சீலைக்கடையில் வாங்கி வந்திருந்தா. உம்மா கையைப் பிடிக்க முன்னம் கத்தரிக்கோல் ஓடிவிட்டது. அதில் எனக்கு ஒரு சட்டை தைத்துத் தந்தா. சாச்சியைப்போல நல்லவ உலகத்தில் இல்லை எண்டு நினைத்துக்கொண்டு, அதைப் போட்டுச் சுற்றிச் சுற்றி ஆடி, ஒழுங்கை முழுக்க வீடு வீடாகக் காட்டித் திரிந்தேன்.