கைதட்டலை நிறுத்திய எங்கள் அக்கா

எங்கள் அக்கா மறைந்து ஓராண்டு நிறைகிறது. இந்த நினைவு மலரில் அவரைப் பற்றி எழுதும்படி அப்பா என்னிடம் சொன்னபோது, "அழுவற மாதிரி எழுதாதம்மா. அவ இன்னா செஞ்சான்னு எழுது, போதும்" என்றார். அந்தச் சொல்லை மீறாமல் எழுத முயல்கிறேன்.

காஞ்சிபுரம் பிள்ளையார்பாளையத்தில், இரண்டு தறிகள் ஓடும் வீட்டில் அக்கா மூத்த மகளாகப் பிறந்தார். அடுத்தவள் நான். ஒரு தறியில் அப்பாவும் இன்னொன்றில் சித்தப்பாவும் நெய்வார்கள். தெருவில் நாலைந்து வீட்டார் சேர்ந்து ஒரு செய்தித்தாள் வாங்குவார்கள். நெய்கிறவர்களுக்குக் கையும் காலும் ஓயாது. யாராவது உரக்கப் படித்தால்தான் செய்தி காதில் விழும். சிறு வயதிலேயே அந்தப் பொறுப்பு அக்காவிடம் வந்துவிட்டது.

படித்துவிட்டு எழுந்து போக விடமாட்டார்கள். "காங்கோல சண்டைன்னியே, அது எங்கமா இருக்குது?" என்று சித்தப்பா கேட்பார். "க்யூபா அமெரிக்காவுக்கு அவ்ளோ பக்கத்துலயா?" என்பார் அப்பா. தெரியாவிட்டால், "நாளைக்குச் சொல்றேன்பா" என்பார் அக்கா. பள்ளிக்கூடத்து உலகப் படத்தைப் பார்த்து வந்து, மறுநாள் சுண்ணாம்புக் கட்டியால் தரையில் வரைந்தே காட்டிவிடுவார். "கோலம் போடற எடத்துல ஆப்பிரிக்காவப் போட்டு வெச்சிருக்கியேடி!" என்று அம்மா கத்துவார். ஆனால் மிதிக்காமல் சுற்றிக்கொண்டுதான் போவார்.

அக்கா பள்ளி இறுதி வகுப்பில் இருந்தபோது எங்கள் தாய்மாமன் தன் மகனுக்குப் பெண் கேட்டார். அக்காவுக்கோ கல்லூரியில் சேர்ந்து புவியியல் படிக்க ஆசை. அந்தச் சமயத்தில் செங்கற்பட்டில் பள்ளிகளுக்கிடையே பொது அறிவுப் போட்டி என்று அறிவிப்பு வந்தது. உலக நாடுகளின் சரித்திரமும் பூகோளமும்தான் பாடம். அணிக்கு இருவர். எங்கள் பள்ளியின் சார்பில் அக்காவையும் என்னையும் தேர்ந்தெடுத்தார்கள்.

அப்பா ஒரே பேச்சாகச் சொன்னார். "கப்பு வாங்கினு வா. மாமன்கிட்ட நான் பேசிக்கறேன். இல்லன்னா வைகாசியில கல்யாணம்."

போட்டி நாளன்று அப்பாவே எங்களை அழைத்துப் போனார். எந்த நாட்டுக்குக் கடற்கரை இல்லை, எந்த ஆறு எந்தக் கடலில் கலக்கிறது, எந்த நாடு யாரிடமிருந்து விடுதலை பெற்றது என்று கேள்விகள் வந்துகொண்டே இருந்தன. மாலையில் இரண்டே அணிகள் மிஞ்சின. நாங்களும் ஓர் ஆண்கள் பள்ளியும் சமமாக நின்றோம். எங்களுடைய கடைசிக் கேள்வி: "பிரேசில் நாட்டின் தலைநகர் எது?"

"ரியோ டி ஜெனிரோ" என்றார் அக்கா.

"சரி" என்றார் நடுவர். மண்டபம் முழுவதும் கைதட்டல். கடைசி வரிசையில் அப்பா எழுந்து நின்று தட்டிக்கொண்டிருந்தார். நான் அக்காவின் கையைப் பிடித்தேன். அவர் என் கையை விலக்கிவிட்டு எழுந்தார்.

"சார், நான் சொன்னது தப்பு சார்."

கைதட்டல் நின்றது.

"தலைநகர மாத்திட்டாங்க சார். பிரேசிலியான்னு புதுசா ஊர் கட்டி அங்க போயிட்டாங்க. பேப்பர்ல படிச்சேன். அவசரத்துல பழைய பேரு வாயில வந்துடுச்சு."

நடுவர் வயதானவர். கையிலிருந்த புத்தகத்தைப் பார்த்தார். "இதுல ரியோன்னுதாம்மா இருக்குது. மார்க் குடுத்தாச்சு, உக்காரு."

"புத்தகம் முன்னாடியே அச்சடிச்சதா இருக்கும் சார்."

நடுவர்கள் கூடிப் பேசினார்கள். அந்தக் கேள்விக்கு எங்களுக்கு மதிப்பெண் இல்லை என்று முடிவாயிற்று. எதிரணி தன் கேள்விக்குச் சரியான விடை சொல்லிக் கோப்பையைப் பெற்றது. அந்தப் பெரியவர் மேடையிலிருந்து இறங்கி வந்து அக்காவுக்கு வணக்கம் சொல்லிவிட்டுப் போனார்.

பேருந்தில் நான் அழுதுகொண்டே வந்தேன். "ஏன்கா சொன்ன? யாருக்குத் தெரியப்போவுது?"

"காலைல தறிகிட்ட பேப்பர் படிக்கணும்ல. நான் சொல்றத அவங்க அப்படியே நம்பறாங்கடி" என்றார் அக்கா. முன் இருக்கையில் இருந்த அப்பா திரும்பிப் பார்க்கவில்லை.

சில நாள் கழித்து மாமா பழத்தட்டோடு வந்தார். அப்பா தறியிலிருந்து எழுந்து வந்தார்.

"மச்சான், தப்பா நெனச்சிக்காத. பொண்ணு காலேஜுக்குப் போவுது."

"கப்பு வாங்கினாத்தான் காலேஜுன்னு நீதானே மாமா சொன்ன?" என்றார் தாய்மாமன்.

"சொன்னேன்பா. சபையே கை தட்டிக்கினு இருக்குது, இவ எழுந்து நான் சொன்னது தப்புன்றா. அந்த எடத்துல நானா இருந்தா வாயத் தொறந்திருக்க மாட்டேன். என்னையே தாண்டிப் போயிட்டா. அவளப் போயி நான் எப்படிப்பா தடுக்கறது?"

மாமா பழத்தட்டை அம்மாவிடம் நீட்டினார். பிறகு, "ஹாஸ்டலுக்குப் பெட்டி வேணுமே. அத நான் வாங்கித் தரேன்" என்றார்.

அக்கா சென்னையில் புவியியல் பட்டமும் ஆசிரியர் பயிற்சியும் முடித்து, காஞ்சியிலேயே ஒரு பெண்கள் பள்ளியில் ஆசிரியையானார். எங்கள் தெருவில் பட்டம் பெற்ற முதல் பெண் அவர்தான். வங்கதேசம் பிறந்தபோது புதுப் படம் வரும்வரை காத்திராமல், வகுப்பிலிருந்த படத்தில் கிழக்குப் பாகிஸ்தான் என்ற பெயரின் மேல் தாள் ஒட்டிப் புதுப் பெயரை எழுதினார். ரங்கூனிலிருந்து எல்லாவற்றையும் விட்டுவிட்டு வந்த குடும்பத்துப் பெண் ஒருத்தி அவர் வகுப்பில் சேர்ந்தாள். மற்ற பிள்ளைகள் அவளைப் பர்மாக்காரி என்று கேலி செய்தார்கள். அக்கா யாரையும் திட்டவில்லை. அவளைப் படத்தின் முன் நிறுத்தி, "உங்க ஊர் ஆத்தப் பத்தி நீ சொல்லு. நான் பார்த்ததில்ல" என்றாராம். ஐராவதியையும் அதில் போகும் படகுகளையும் பற்றி அவள் மணி அடிக்கும்வரை சொன்னாளாம். அன்றோடு கேலி நின்றது.

அக்கா தம் விருப்பப்படியே, உடன் பணியாற்றிய ஆசிரியரை மணந்தார். ஒரு மகள் பிறந்தாள். சிறு வயதில் வந்த மூட்டுக் காய்ச்சல் அக்காவின் இதயத்தைப் பழுதாக்கியிருந்தது பிரசவத்தின்போதுதான் தெரிந்தது. மருத்துவர்கள் ஓய்வெடுக்கச் சொன்னார்கள். மாடிப்படி ஏற முடியாதபோது வகுப்பைக் கீழ்த்தளத்துக்கு மாற்றிக் கேட்டாரே தவிர, பள்ளிக்குப் போவதை நிறுத்தவில்லை. சென்னை மருத்துவமனையில் இருந்தபோது பக்கத்துப் படுக்கையில் மலேயாவிலிருந்து வந்த அம்மாள் ஒருவர். அவரிடம் ரப்பர் தோட்டத்தைப் பற்றிக் கேட்டுக்கொண்டே இருந்தார். முப்பத்தொரு வயதில், கணவரும் அப்பாவும் தாய்மாமனும் அருகிலிருக்க, அமைதியாகக் கண்மூடினார்.

அக்காவைத் தம் பிள்ளைபோல் கவனித்த மருத்துவருக்கும் செவிலியருக்கும், இரத்தம் கொடுக்க வரிசையில் நின்ற நெசவாளத் தோழர்களுக்கும், அவர் வகுப்பு விடைத்தாள்களைத் திருத்தி உதவிய ஆசிரியைகளுக்கும், பெண் கேட்டு வந்து பெட்டி வாங்கித் தந்த எங்கள் தாய்மாமனுக்கும் எங்கள் குடும்பம் என்றும் கடமைப்பட்டிருக்கிறது.

சென்ற மாதம் எதிர்வீட்டுப் பெண் கல்லூரியில் சேர்ந்தாள். "மெட்ராசுக்குத் தனியாவா?" என்று அவள் அப்பா தயங்கியபோது, அவள் எங்கள் வீட்டைக் கைகாட்டி, "அந்தக்கா போவலயா?" என்று கேட்டாளாம். அவர் விண்ணப்பத்தை வாங்கிக் கையெழுத்துப் போட்டாராம்.