சங்கு குளிப்பவரின் மனைவி எடுக்கும் படம்

ஆவணப்படக்காரிக்குக் கேள்வி கேட்பதுதான் பிழைப்பு. பதில் தன் வீட்டுக்குள்ளேயே நடமாடினால் என்ன செய்வது என்று யாரும் சொல்லித்தருவதில்லை.

சங்கு குளிக்கப் போய், ஆழத்திலிருந்து சட்டென்று மேலே வந்ததால் உடம்புக்குள் காற்றுக்குமிழி கட்டி, இடுப்புக்குக் கீழே செயலிழந்தவர்களைப் பற்றியது என் படம். என் வீட்டுக்காரர் ஜெரோம் இன்றைக்கும் சங்கு குளிக்கிறார். ஆள் கரை சேரும்வரை கடலையே பார்த்து நிற்கிறவர்களுக்கு மேற்கொண்டு விளக்க வேண்டியதில்லை. பயம் வந்தால் ஜெபமாலையை எடு என்பார்கள் கான்வென்ட் சிஸ்டர்கள். ஒரு கையில் கேமரா, மறு கையில் பிள்ளை. ஜெபமாலைக்குக் கை ஏது?

முதல் கேள்வி

சக்கர நாற்காலியில் இருந்த சூசை அண்ணனிடம், எப்படித் தொடங்கியது என்று கேட்டேன். "தோள்பட்டையில ஒரு குத்தல். வாயுப்பிடிப்புன்னு நெனச்சித் தைலம் தேய்ச்சேன். ஒரு மாசம் அப்படியே கடலுக்குப் போனேன்" என்றார்.

அன்று காலையில்தான் ஜெரோமின் தோளுக்குத் தைலம் தேய்த்துவிட்டு வந்திருந்தேன். அண்ணன் என் கையையே பார்த்தார்.

"ஏளா, ஒன் கையில தைலம் மணக்கு. ஒன் வீட்டுக்காரனுக்கும் தோள் வலிக்கா?"

வயலின்

முதல் எடிட்டில், அண்ணனின் மெலிந்த கால்களைக் காட்டும் இடத்தில் வயலின் இசை சேர்த்திருந்தேன். எனக்கே அழுகை வந்தது. போட்டுக் காட்டினால், மனிதர் கொதித்துப்போனார்.

சிறுநீர் வடியக் குழாய் மாட்டி வாழ்கிறவர், அடிக்கடி கிருமி தொற்றிக் காய்ச்சல் வரும். ஆஸ்பத்திரிக்குப் போனால் கழிப்பறை வாசலில் நாற்காலி நுழையாது, இரண்டு பேர் தூக்க வேண்டும். மனுக் கொடுக்கப் போன அலுவலகத்தில் சாய்தளம் இல்லை, படிதான்.

"எனக்குப் பாவம் பாக்க ஆளு நெறைய இருக்கு. வயலினைத் தூக்கிப் போட்டுட்டு, அந்த வாசல அளந்து காட்டு."

தம்பியின் பதில்

குளிப்பவர் ஆழத்தில் மூச்சுவிடும் காற்றுக்குழாயைப் படகிலிருந்து பிடிப்பது அவர் மனைவியின் தம்பி. எங்கள் பக்கத்து வழக்கம் அது. அக்காளின் தாலிக்கு அவன் பொறுப்பு. சூசை அண்ணனுக்குக் கால் மரத்ததும், அவர் மச்சினன் குழாயை மாட்டி மறுபடியும் ஆழத்தில் இறக்கியிருக்கிறான். கடலில் வந்த வலியைக் கடலே எடுத்துவிடும் என்று நம்பிக்கை. சிலருக்குச் சற்று விட்டுக்கொடுக்கும். அண்ணனுக்கு ஆஸ்பத்திரி சேர வேண்டிய நேரமெல்லாம் தண்ணீருக்குள் போய்விட்டது.

ஜெரோமுக்குக் குழாய் பிடிப்பது என் தம்பி ரோச். வீட்டுக்கு வந்த வேகத்தில் அவனைக் கேட்டேன், மச்சானுக்குக் கால் மரத்தால் என்ன செய்வாய் என்று.

"திரும்ப எறக்குவேன்க்கா. வேற என்ன செய்யச் சொல்லுத?"

வீட்டுத் திரையிடல்

ஞாயிறு பூசை முடிந்து வந்ததும் இருவரையும் உட்காரவைத்துப் படத்தைப் போட்டேன். சூசை அண்ணன் பேசும் இடத்தில் ரோச் முகத்தை மூடிக்கொண்டான். ஜெரோம் மடியில் இருந்த பிள்ளையின் காலைப் பிடித்துப் பார்த்துக்கொண்டே இருந்தார்.

"மச்சான், இனி ஒங்களுக்கு எங்க வலிச்சாலும் நேரா கரைக்குத்தான் படகு. அக்கா மேல சத்தியம்" என்றான் ரோச். எனக்கு மூச்சு வந்தது. டாக்டரைப் பார்க்கப் போவோம் என்று நானும் சொன்னேன். ஜெரோம் சிரித்துக்கொண்டே மடியிலிருந்த பிள்ளையைத் தூக்கி வலிக்கும் தோளில் சாய்த்து, உடனே மறுதோளுக்கு மாற்றினார்.

"வலிக்குன்னு நான் சொன்னாத்தான மாப்ள ஒனக்குத் தெரியும்?"

ஊரார் வலியையெல்லாம் பேசவைத்துப் பதிவு செய்கிற எனக்கு, கேமரா இருந்தாலும் இல்லாவிட்டாலும் வாயே திறக்காத ஒருவரைத்தான் கட்டிவைத்திருக்கிறார்கள்.