எதிரி அருகில்

இதைக் கதை என்று நினைக்கிறவர்கள் ஒரு தடவை வந்து என் இடது முன்கையைப் பார்த்துவிட்டுச் சொல்லுங்கள். பதினொரு தையல். பொழுதுபோகாமல் நானே போட்டுக்கொண்டதில்லை. இன்னொன்றையும் முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பேய் என்றதும் நடுராத்திரி, கும்மிருட்டு என்று எதிர்பார்க்காதீர்கள். எனக்கு நடந்தது ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், சாப்பிட்ட தட்டைக்கூடக் கழுவாத நேரத்தில்.

காது கேட்கும் கருவி விற்கிற கடையில் எனக்கு வேலை. வருகிறவர்களைக் கண்ணாடி அறையில் உட்காரவைத்து, ஹெட்போன் மாட்டி, எந்தப் பக்கம் எவ்வளவு கேட்கிறது என்று சோதிப்பேன். அண்ணன் என்னை ‘காது டாக்டர்’ என்றுதான் கிண்டல் செய்வான். அவன் டைல்ஸ் ஒட்டுகிறவன். வேலை நடந்த இடத்தில் சாரத்திலிருந்து விழுந்து, வலது காலில் தொடை வரைக்கும் மாவுக்கட்டோடு என் வாடகை வீட்டுக்கு வந்து சேர்ந்தான். நான் குடிவந்தே ஒரு மாதம்தான் ஆகியிருந்தது. வேலை வேலை என்று ஓடிக்கொண்டிருந்த ஆள் சும்மா படுத்தால் எப்படி இருக்கும்? மின்விசிறி சத்தத்திலிருந்து சாம்பார் உப்பு வரைக்கும் எல்லாவற்றிலும் குறை. தொல்லை தாங்காமல் என் லேப்டாப்பில் ஒரு கேம் வாங்கிப் போட்டுக் கொடுத்தேன்.

யாரோ ஒருத்தர் தனியாக உட்கார்ந்து செய்த சின்ன கேம் அது. பாழடைந்த ஒரு பெரிய வீட்டுக்குள் நாம் நடக்க வேண்டும். எதிரி கண்ணுக்குத் தெரியாது. பின்னணி இசையை வைத்துத்தான் அது எங்கே இருக்கிறது என்று கண்டுபிடிக்க வேண்டும். எதிரி இல்லையென்றால் ஓர் அமைதியான இசை. ‘எதிரி அருகில்’ என்று இன்னோர் இசை. அது நெருங்க நெருங்கச் சத்தம் ஏறும், எந்தப் பக்கம் வருகிறதோ அந்தக் காதில் கேட்கும். அது நம்மைப் பார்த்துவிட்டால் மூன்றாவது இசை. சண்டை.

“இது என்ன மியூசிக், பல் டாக்டர்கிட்ட வாயப் பொளந்துட்டு உக்காந்திருக்க மாதிரி? மாத்திக் குடு” என்றான் அண்ணன். மூன்று இசைக்கும் பதிலாக நம் சத்தத்தையே போட்டுக்கொள்ள அந்தக் கேமில் வசதி இருந்தது. அவ்வளவுதான், இரண்டு பேருக்கும் பைத்தியம் பிடித்துவிட்டது. அமைதிக்கு, நான் பாத்திரம் கழுவும்போது எனக்கே தெரியாமல் முணுமுணுக்கிற ராகத்தை அவன் போனில் திருட்டுத்தனமாகப் பதிவு செய்தான். ‘எதிரி அருகில்’ என்பதற்கு அவனுடைய டைல்ஸ் வெட்டும் மெஷினை ஓடவிட்டுப் பிடித்தோம். கீஈஈஈ என்று பல் கூசும். சண்டைக்கு, காலி பிளாஸ்டிக் வாளிகளைக் கவிழ்த்துப் போட்டு, ஆளுக்கு ஒரு சுத்தியலோடு கை வலிக்க அடித்தோம். பக்கத்து வீட்டு அக்கா வந்து கதவைத் தட்டி, “வீட்ட இடிக்கிறீங்களா?” என்று கேட்டுவிட்டுப் போனாள். அவன் உடம்பு உடைந்த பிறகு வாய்விட்டுச் சிரித்தது அன்றைக்குத்தான். எனக்கு அதுவே போதும் என்றிருந்தது.

சனிக்கிழமை சாயங்காலம் முதல் தப்பு நடந்தது.

அண்ணன் கேமை நிறுத்திவைத்திருந்தான். திரையில் நம்ம ஆள் அந்தப் பாழடைந்த வீட்டு முற்றத்தில் தனியாக நிற்கிறான். நிறுத்திவைத்தால் என் முணுமுணுப்புதான் ஓட வேண்டும். நான் கம்பியில்லாத அந்த ஹெட்போனை விளையாட்டுக்கு மாட்டிக்கொண்டு, தண்ணீர் எடுக்கச் சமையலறைக்குப் போனேன்.

கீஈஈ…

மெதுவாக. வலது காதில்.

ஹாலுக்கு வந்தேன். நின்றுவிட்டது. சமையலறைக்குப் போனேன். மறுபடியும் கீஈஈ. அண்ணனுக்கு மாட்டிவிட்டேன். கட்டிலில் அவனுக்கு ஒன்றும் கேட்கவில்லை, என் முணுமுணுப்பு மட்டும்தான். வாங்கி மாட்டிக்கொண்டு அடுப்புப் பக்கம் போனால், கீஈஈ.

“ஃபிரிட்ஜ் கரண்டா இருக்கும், காது டாக்டர். போய் சோத்தப் போடு” என்றான்.

எனக்கும் அப்படித்தான் தோன்றியது. ஆனால் ஃபிரிட்ஜ் என் இடது பக்கம் இருந்தது. சத்தம் வலது பக்கம். அங்கே வெறும் சுவர்.

மறுநாள் ஞாயிறு. காலையிலிருந்து விடாத மழை. ஜன்னல்களைச் சாத்திவிட்டு மத்தியானமே விளக்குப் போட்டிருந்தோம். அண்ணன் அறையில் தலையணை மேல் காலைத் தூக்கிவைத்துப் படுத்திருந்தான். மெஷின் சத்தம் காதைக் கிழிக்கிறது, கொஞ்சம் குறைத்துக் கொடு என்று கேட்டிருந்தான். நான் ஹாலில் லேப்டாப்பை வைத்துக்கொண்டு ஹெட்போனோடு உட்கார்ந்தேன். கேம் நிறுத்தத்தில் இருந்தது.

மணி மூன்று பத்து.

கீஈஈ…

நான் எதையும் ஓடவிடவில்லை. ஒலிக்கான பக்கத்தைக்கூட இன்னும் திறக்கவில்லை.

வலது காது. அது சமையலறைப் பக்கம். அங்கேயே இருந்தது. பிறகு கொஞ்சம் கொஞ்சமாக ஏறியது. கழுவாத தட்டு ஒன்று தானாக நகர்ந்து தரையில் விழுந்து உடைந்தது.

“என்னத்தடி உடைச்ச?” உள்ளேயிருந்து அண்ணன்.

சத்தம் இப்போது எனக்கு நேர் எதிரே. ஹாலுக்கு நடுவில். அங்கே யாருமில்லை. விரித்திருந்த பாயின் ஓரம் மட்டும் மடங்கியது. யாரோ கால் இடறின மாதிரி.

அது என்னைத் தாண்டிப் போனது. இரண்டு காதும் கிழிந்துவிடும் போல இருந்தது. அப்புறம் இடது காது. அப்புறம் இடது காதில் மட்டும். குறைந்துகொண்டே போனது.

இடது பக்கம் அண்ணனின் அறை.

“அண்ணா… அண்ணா, எழுந்திரு!”

எழுந்திருக்க முடியாதவனைப் பார்த்து எழுந்திரு என்று கத்துகிறேன். அதற்குள் அறைக் கதவு படாரென்று சாத்திக்கொண்டது.

மணி மூன்று பதினாலு.

உள்ளே அண்ணன் அலறினான். அப்படி ஓர் அலறலை நான் கேட்டதில்லை. சாரத்திலிருந்து விழுந்தபோதுகூட அவன் இப்படிக் கத்தியிருக்க மாட்டான்.

“யாரோ கால இழுக்கறாங்க! குட்டி! கால இழுக்கறாங்க!”

அவன் கருவிப் பை ஹாலில்தான் கிடந்தது. பெரிய சுத்தியலை உருவினேன். தாழ்ப்பாளில் நாலு அடி. கதவு உடைந்து திறந்தது.

அண்ணன் கட்டிலில் இல்லை. தரையில் மல்லாந்து கிடந்தான். மாவுக்கட்டுப் போட்ட கால் மட்டும் அந்தரத்தில் நின்றது. யாரோ கணுக்காலைப் பிடித்துத் தூக்கியிருக்கிற மாதிரி. என் கண்ணெதிரே அந்தக் கால் திரும்பியது. திரும்பக் கூடாத பக்கம். மாவுக்கட்டு நடுவில் பிளந்தது. உள்ளே எலும்பு மறுபடியும் முறிகிற சத்தம் ஹெட்போனைத் தாண்டிக் கேட்டது.

ஒரே இழு. அவன் தலை கட்டில் காலில் மோதியது. ரத்தம்.

அப்போது மெஷின் சத்தம் நின்றது.

டம். டம். டம். டம்.

வாளி. சண்டை இசை.

அது என்னைப் பார்த்துவிட்டது.

பயம் எங்கே போனது என்று இன்றைக்கும் எனக்குத் தெரியாது. ஆத்திரம்தான் வந்தது. படுத்த படுக்கையாகக் கிடக்கிறவனைப் போய் இழுக்கிறாயா, சனியனே! கண்ணால் தேடிப் பிரயோஜனம் இல்லை. கண்ணை மூடிக்கொண்டேன். தினமும் எட்டு மணி நேரம் நான் அடுத்தவர்களுக்குச் செய்கிற சோதனை. எந்தப் பக்கம்? எவ்வளவு தூரம்?

வலது. ஓங்கி வீசினேன். அலமாரிக் கண்ணாடி நொறுங்கியது.

பின்னால். அண்ணன் காலை விடாமலே என்னைச் சுற்றுகிறது. திரும்பி வீசினேன். காற்று.

இடது… ரொம்பப் பக்கத்தில்…

அடித்தேன்.

பட்டது.

ஈரமணல் மூட்டையில் அடித்த மாதிரி. சுத்தியல் உள்ளே போனது. திரும்ப இழுத்தபோது ஏதோ பிய்ந்துகொண்டு வந்தது. அந்தரத்தில் நின்ற கால் பொத்தென்று விழுந்தது. கண்ணைத் திறந்தேன். விட்டுவிட்டது!

“அடி! அடிடி அத!” அண்ணன் ரத்த முகத்தோடு ஊன்றுகோலை எடுத்துக் கண்டபடி சுழற்றினான்.

அடித்தேன். இன்னொரு தடவை. இன்னொரு தடவை. ஒவ்வோர் அடிக்கும் ஏதோ நொறுங்கியது. எலும்பா, பல்லா, தெரியாது.

இடது கையில் திடீரென்று தீப்பிடித்த மாதிரி வலி.

கடித்துவிட்டது.

பல் தெரியவில்லை. ஆனால் என் தோல் தானாகக் குழிந்து கிழிவதைப் பார்த்தேன்.

என்னைத் தூக்கிச் சுவரில் அடித்தது. கீழே விழுந்தேன். மார்பு மேல் ஏறி உட்கார்ந்தது. தொண்டையில் விரல்கள்.

டம் டம் டம் டம் டம் டம்.

மூச்சு இல்லை.

சுத்தியலை என் முகத்துக்கு நேர் மேலே குத்தினேன். ஒரு தடவை. இரண்டு. மூன்று…

வாளிச் சத்தம் நின்றது.

பட்டென்று.

ம்ம்… ம்ம்ம்… ம்ம்…

என் முணுமுணுப்பு. பாத்திரம் கழுவுகிற ராகம்.

மார்பில் பாரமில்லை. தொண்டையில் விரலில்லை. மூச்சு வந்தது. அண்ணன் தவழ்ந்து வந்து என்னைக் கட்டிக்கொண்டு ஓவென்று அழுதான். நானும் அழுதேன். செத்துத் தொலைந்தது என்று நினைத்தேன். மணி மூன்று முப்பத்தொன்று.

ஆஸ்பத்திரியில் நாய் கடித்தது என்று சொன்னோம். டாக்டர் என் கையையும் பார்த்தார், அண்ணன் காலையும் பார்த்தார். நாய் எப்படிக் காலை முறுக்கும் என்று கேட்கவில்லை, ஆனால் நம்பவும் இல்லை. அண்ணன் காலில் புதிதாக இரண்டு தகடு வைத்தார்கள். நாங்கள் அந்த வீட்டுக்குத் திரும்பவே இல்லை. நேராகச் சித்தி வீட்டுக்குப் போய்விட்டோம். துணிமணி, லேப்டாப், ஹெட்போன் எல்லாம் பக்கத்து வீட்டு அக்காதான் கொண்டுவந்து கொடுத்தாள். அண்ணன் பிழைத்ததே பெரிது என்று சித்தி எங்களை ஒரு கேள்வியும் கேட்கவில்லை.

ஐந்து வாரம் ஒன்றும் நடக்கவில்லை. நன்றாகத் தூங்கினேன். சொல்லப்போனால், என்றைக்கும் இல்லாத அளவு நன்றாகத் தூங்கினேன்.

மனசு மட்டும் ஆறவில்லை. கேமில் ஏதாவது கோளாறா, வீட்டுச் சத்தத்தை அது ஒட்டுக்கேட்டதா என்று தெரிந்தாக வேண்டும். கேமைச் செய்தவருடைய எண் அதிலேயே இருந்தது. கூப்பிட்டேன். நல்ல மனிதர். நடந்ததைச் சொல்லவில்லை, இசையைப் பற்றி மட்டும் கேட்டேன்.

“அதுக்கு மைக்கே கிடையாதுங்க. எதிரி எவ்வளவு தூரத்துல இருக்குன்னு கணக்கு மட்டும் பாக்கும்.”

“சண்டை முடிஞ்சா உடனே அமைதியான மியூசிக் வந்துடுமா?”

“வராதே. எதிரி செத்தாலும் சரி, ஓடினாலும் சரி, நடுவுல அந்த ‘எதிரி அருகில்’ கொஞ்ச நேரம் ஓடிக் குறையும். அப்புறம்தான் அமைதி.”

“எனக்கு நேரா அமைதிதான் வந்துச்சு. பட்டுனு.”

அவர் சிரித்தார்.

“ஓ, அதுவா? அது என் தப்புங்க, இன்னும் சரிபண்ணல. தூரம் சுத்தமா பூஜ்யம் ஆயிட்டா, எதிரியே இல்லன்னு கேம் நினைச்சுக்கும். அமைதியைப் போட்டுடும்.”

“பூஜ்யம்னா?”

“நீங்க இருக்கற அதே இடத்துல அதுவும் இருக்கணும். உங்களுக்குள்ளயே. சாதாரணமா நடக்காதுங்க.”

போனை வைத்தேன். லேப்டாப்பை எடுத்துக் கேமைத் திறந்து நிறுத்திவைத்தேன். ஹெட்போனை மாட்டிக்கொண்டு சித்தி வீடு முழுக்க நடந்தேன். கூடம், மாடி, குளியலறை. எங்கே போனாலும் ம்ம்… ம்ம்ம்… என் குரல்.

அண்ணன் அறைக்குப் போனேன். அவன் காதில் ஹெட்போனை மாட்டிவிட்டு, வாசல் வரைக்கும் தள்ளிப் போய் நின்றேன்.

“என்ன கேக்குதுண்ணா?”

அவன் முகம் வெளுத்தது. கதவைப் பார்க்கவில்லை, ஜன்னலைப் பார்க்கவில்லை. என்னையே பார்த்தான். கையை ஊன்றிப் பின்னால் நகர்ந்து, சுவரோடு ஒட்டிக்கொண்டான்.

“கிட்ட வராத குட்டி.”

“நான் எங்கண்ணா வர்றேன்? இங்கதான நிக்கறேன்.”

“கெஞ்சிக் கேக்கறேன். வராத.”

அவன் அழுதான். நான் குனிந்து பார்த்தேன்.

என் முழங்கால் அவன் கட்டிலில் இடித்துக்கொண்டிருந்தது. என் கை அவன் கணுக்காலைப் பிடித்திருந்தது.