சிங்கப்பூரில் செத்தால் கணக்கில்லை

வங்காளத்து சால்ட் லேக்கில் என் ஆபீஸுக்கு எதிரே இருந்த கேமிங் கஃபேயில்தான் அவரைப் பார்த்தேன். தடித்த கழுத்து, இஸ்திரி கலையாத சட்டை, படிய வாரிய தலை. நான் போனில் அம்மாவிடம் பேசியதைக் கேட்டுவிட்டுத் தமிழில் பேச ஆரம்பித்தவர்.

துப்பாக்கிச் சண்டை விளையாட்டில் ஒவ்வொரு முறை சாகும்போதும், விளையாட்டை இணையத்தில் நடத்தும் கம்ப்யூட்டர், அதாவது சர்வர், எந்த ஊரில் இருக்கிறது என்று திரையில் வரவழைத்துப் பார்ப்பார். சிங்கப்பூர் என்றால், "தூரம்ப்பா, நம்ம குண்டு லேட்டாத்தான் போகும். இது கணக்குல வராது" என்று சிரிப்பார். மும்பை என்றால் சாக்குச் சொல்ல வழியில்லை. மேஜையை ஓங்கிக் குத்துவார். அவருடைய விரல் முட்டிகள் எப்போதும் தோலுரிந்தே இருக்கும்.

ஒருநாள் அவர் செத்ததும் பக்கத்து சீட்டுப் பெங்காலி இளைஞன் கைதட்டிச் சிரித்தான். அவர் கீபோர்டைப் பிடுங்கி அவன் முகத்தில் அறைந்தார். மூக்கு உடைந்து ரத்தம் கொட்டியது. அவனைச் சுவரோடு சேர்த்துக் கழுத்தை நெரித்தபடி என்னிடம் கத்தினார்: "எந்த சர்வர்னு பார்த்துச் சொல்லு!"

திரையில் மும்பை என்று இருந்தது.

"சிங்கப்பூர்ண்ணா" என்றேன்.

பிடி தளர்ந்தது. "அதானே பார்த்தேன்" என்றவர், தன் கர்ச்சீப்பையே எடுத்து அவன் மூக்கில் வைத்து அழுத்தினார்.

பிறகு சீட்டுக்குத் திரும்பினார். மும்பை அப்படியே இருந்தது. அதைப் பார்த்தார். என்னைப் பார்த்தார்.

"சிங்கப்பூர்தான்" என்று சொல்லி மானிட்டரை அணைத்தார்.

அது நன்றியா, மிரட்டலா என்று எனக்கு இன்றும் தெரியவில்லை.