லொரெல் வலம் வருகிறார்

கறுப்புப் பிடி போட்ட கத்தியால் எதையும் வெட்டக் கூடாது என்பது விதி. ஆகவே லொரெல் பாஸ்கோ, சீஸ் நறுக்க வேறொரு கத்தியைத் தேடி, அடுப்படி இழுப்பறைகளை ஒவ்வொன்றாகத் திறந்து மூடுகிறார். புனிதக் கத்தி மேசைமேல் சும்மா கிடக்கிறது. காற்றில் வட்டம் கீறுவது ஒன்றே அதற்கு விதிக்கப்பட்ட வேலை. அந்த வேலைக்காக அதை ஒழுங்காகச் சாணை பிடித்து வைத்திருக்கிறார். சீஸ் கத்தியோ, வெண்ணெயைக் கண்டாலே தயங்கும் மொண்ணை.

தாஸ்மேனியாத் தீவில், ஹியூவான் பள்ளத்தாக்கின் ஆப்பிள் தோட்டங்களுக்கு நடுவே இருக்கும் ஒரு சிற்றூரில், பகலெல்லாம் மருந்துக்கடை மேசைக்குப் பின்னால் நிற்பவர் அவர். அவர் சூனியக்காரி என்பது ஊருக்கே தெரியும். கொளுத்தத்தான் ஆளில்லை.

"லொரெல், எங்க வீட்டு மனுஷனைத் தவளையா மாத்தி விடேன். புண்ணியமாப் போகும்."

"போன வாரமே மாத்திட்டேனேடி. உனக்கு வித்தியாசமே தெரியலையா?"

பச்சிலை கேட்டு வருகிறவர்களிடம் மட்டும் இந்தச் சிரிப்பு இருக்காது. "மூணு வாரமா இருமுறே, கஷாயம் கேட்க வந்துட்டியா? போய் டாக்டரைப் பாரு. சூனியக்காரி அனுப்பினான்னு சொல்லு, உடனே உள்ளே விடுவாங்க."

லொரெலின் மதம் உலகிலேயே மிகப் பழையது. அப்படித்தான் அவருக்குச் சொல்லப்பட்டது. சொன்னவர் வின் என்ற அம்மையார்; தெற்கு இங்கிலாந்திலிருந்து கப்பலேறி வந்த தட்டச்சுக்காரர். வின்னுக்குத் தீட்சை அளித்தவர் ஒரு பல் மருத்துவர். பல் மருத்துவருக்கு அளித்தவர், தம் பெயரைச் சொல்ல விரும்பாத ஒரு சீமாட்டி. அதற்கு மேலே போனால் பனிமூட்டம். அந்தப் பனிமூட்டத்துக்குள் மான்கொம்பு சூடிய கடவுளும், நிலாத் தேவியும், கற்கால மூதாதையரும் வரிசையில் நிற்பதாக ஐதீகம். கைக்கு அகப்படும் சான்றுகளை மட்டும் கொண்டு கணக்கிட்டால், இந்த ஆதி மதத்துக்கும் ஊர்த் தீயணைப்பு நிலையத்துக்கும் ஏறத்தாழ ஒரே வயது. தீயணைப்பு நிலையம் தன் தொன்மையைப் பற்றி எங்கும் பேசுவதில்லை.

தேவியின் முன் பிறந்த மேனியாக நிற்க வேண்டும் என்று வின் கற்பித்திருந்தார். தாஸ்மேனியாவில் கடுங்குளிர் அடிக்கும் ஜூன் மாதம் அந்தச் சாத்திரத்தை ஒரே மாலையில் திருத்தி எழுதிற்று. இப்போது கம்பளி உள்ளாடை, அதன் மேல் அங்கி, காலில் முழங்கால் வரை ரப்பர் பூட்ஸ். தேவி இதுவரை ஆட்சேபம் தெரிவிக்கவில்லை.

லொரெல் நடத்தும் வழிபாட்டு வட்டத்தில் சேருகிறவர்கள் தமக்கென்று ஒரு மறைபெயர் சூட்டிக்கொள்ள வேண்டும். ஓநாய் உண்டு, கழுகு உண்டு, லொரெலே 'வெள்ளி ஆந்தை'. தினந்தோறும் வந்து குப்பைத் தொட்டியைக் கவிழ்த்துவிட்டுப் போகும் போஸம் என்ற பூனையளவுப் பிராணியின் பெயரை மட்டும் இன்றுவரை ஒருவரும் விரும்பிக் கேட்டதில்லை. குழாய் பழுதுபார்க்கும் கோர்டி, தம் பெயர் 'புயற்காகம்' என்று அறிவித்த அன்று, மூதாட்டி டல்சி சொன்ன ஆசீர்வாதம் ஊரில் நிலைத்துவிட்டது: "காகமோ கொக்கோ, எங்க வீட்டுக் குழாய் ஒழுகுது ராசா. முதல்ல அதைப் பாரு."

கேலி ஒருபுறம் இருக்கட்டும். கணவர் நெவில், குளிர் ஒத்துக்கொள்ளவில்லை என்று குவீன்ஸ்லாந்துக்குப் போய் அங்கே வெதுவெதுப்பான வேறொருத்தியுடன் தங்கிவிட்ட பிறகு, லொரெலுக்கு உறவென்று மிஞ்சியது இந்த வட்டம்தான். பித்தப்பை அறுவைக்கு அவர் மருத்துவமனையில் கிடந்தபோது படுக்கையருகே வந்து உட்கார்ந்தவர்கள் ஓநாயும் கழுகும் புயற்காகமுமே. உடன்பிறந்தவர்கள் பூங்கொத்து அனுப்பினார்கள்.

இப்படிப்பட்ட வட்டத்துக்குத்தான் பியர்ஸ் அட்வாட்டர் வந்து சேர்ந்தார். இங்கிலாந்தில் நகரமைப்பு அதிகாரியாக இருந்து ஓய்வுபெற்றவர். வெள்ளைத் தாடி, கனிந்த குரல், எதையும் வரைபடமாகப் போட்டுக் காட்டும் கை. மூன்றாவது கூட்டத்திலேயே, சூப் கிண்ணத்தைக் கீழே வைத்துவிட்டுத் தொண்டையைச் செருமினார்.

"தப்பா எடுத்துக்காதீங்க லொரெல். நாம நெருப்பைச் சுத்துறோமே, அது தப்பான பக்கம்னு தோணுது."

வலமாகச் சுற்றுவது, அதாவது கடிகார முள் போகும் திசையில் சுற்றுவது, வின் கற்பித்த முறை. சூரியன் போகும் திசை அது. அப்படிச் சுற்றினால் நன்மை வந்து கூடும். எதிர்த்திசையில் சுற்றினால் உள்ளதும் கலைந்து ஓடும். அதைப் பீடை விரட்ட மட்டுமே செய்வார்கள். பியர்ஸ் ஒரு காகிதத்தில் சூரியனை வரைந்தார். இங்கிலாந்தில் உச்சிச் சூரியன் தெற்கே நிற்கும். அதைப் பார்த்து நின்றால் அது இடமிருந்து வலமாகப் போகும். இங்கோ அது வடக்கே நிற்கிறது. வலமிருந்து இடமாகப் போகிறது. ஆகவே இந்த நாட்டில் நன்மை வேண்டுவோர் இடமாகத்தான் சுற்ற வேண்டும்.

எல்லோருக்கும் கணக்கு ஒரே சமயத்தில் புரிந்தது.

"அப்போ இத்தனை வருஷமா," என்றார் கோர்டி மெல்ல, "நாம சுத்திச் சுத்தி எல்லாத்தையும் விரட்டிட்டிருந்தோமா? என் கல்யாணம் முறிஞ்சது அதனாலதானா?"

"உன் கல்யாணம் முறிஞ்சதுக்கு நீதான்டா காரணம்," என்றார் லொரெல். "சூரியனை ஏன் இழுக்குறே?"

"என் முட்டி?" என்றார் டல்சி. "அதுக்காக எத்தனை சுத்து சுத்தியிருப்போம்! கடைசியில அதை எடுத்துட்டு வேற முட்டி வைக்கிற வரைக்கும் போச்சே!"

இதில் ஒரு வினோதம் உண்டு. டிசம்பரில் வெயில் மண்டையைப் பிளக்கும்போது 'ஒளியே, திரும்பி வா' என்று நடுங்குவதுபோல் பாவனை செய்து அழைத்துக்கொண்டிருந்த வட்டத்தை, குளிர்காலப் பண்டிகையை ஜூன் மாதத்தில் கொண்டாட வைத்தவர் இதே லொரெல்தான். அதற்காக வின்னோடு அந்தக் காலத்தில் ஒரு வருடம் பேசாமலும் இருந்தார். நாள்காட்டியையே தலைகீழாகப் புரட்டிய அந்தப் பெண்மணி, திசைக்கு வந்ததும் பாறையாகிவிட்டார். இந்த மண்ணில் பிறந்தவர் இங்கிலாந்துச் சூரியனைப் பிடித்துக்கொண்டு நிற்க, இங்கிலாந்திலிருந்து வந்தவர் இந்த மண்ணின் சூரியனுக்காக வாதாடினார்.

"நீங்க சொல்றது சரியாகூட இருக்கலாம், பியர்ஸ். ஆனா என் கால் அந்தப் பக்கம் போகாது."

"போகலேன்னா பரவாயில்லைங்க. என் கொட்டகையில ஹீட்டர் இருக்கு. வேணும்ங்கறவங்க அங்கே வரட்டுமே."

இறையியல் வாதங்கள் எதுவும் செய்யாத வேலையை அந்த ஹீட்டர் செய்தது. ஓநாயும் கழுகும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டன. லொரெல் அதைக் கவனித்தார். சூப் கிண்ணங்களைச் சேகரித்துக்கொண்டு அடுப்படிக்குப் போனவர், ஏற்கெனவே கழுவியிருந்த சட்டியை மறுபடியும் கழுவினார். திசையை விட்டுக்கொடுத்தால் இத்தனை வருடமும் தம் மக்களுக்குக் கேடு சுற்றியதாக ஒப்புக்கொண்டதாகும். விட்டுக்கொடுக்காவிட்டால் மக்களே இருக்க மாட்டார்கள்.

குளிர்கால நடுநாள் வந்தது. அடிவானத்தில் வெளிச்சம் கொஞ்சம் ஒட்டிக்கொண்டிருக்கும்போதே, லொரெல் வீட்டுப் பின்புறப் புல்வெளியில் நெருப்பு மூட்டியாயிற்று. பக்கத்திலேயே இரண்டு வாளித் தண்ணீர். தீயணைப்பு நிலையத்துக்கு மட்டும் வட்டத்தார் எல்லோருமே பயப்படுவார்கள். உப்புத் தெளித்தார்கள். நான்கு திசைகளையும் அழைத்தார்கள். கை கோர்த்தார்கள். பிறகு லொரெல் வலமாகச் சுற்ற இழுத்தார். பியர்ஸ் இடமாகச் சுற்ற இழுத்தார்.

நடுவில் கோர்டி.

"ஐயோ, கை கழண்டுடும் போலிருக்கே! யாராவது ஒருத்தர் விடுங்களேன்!"

விட்டது லொரெலின் கைதான். வழுக்கியதா, விட்டாரா என்பது நெருப்புக்குத் தெரியும். சங்கிலி பியர்ஸ் பக்கம் சாய்ந்து, தடுமாறி, நிமிர்ந்து, இடமாகச் சுற்றத் தொடங்கியது. முதலில் வெட்கத்துடன்; பிறகு பாட்டு வந்தது; பாட்டு வந்ததும் வெட்கம் போய்விட்டது. டல்சியையும் கோர்டி கையைப் பிடித்து இழுத்துக்கொண்டார். "இருடா, இது புது முட்டி!" என்று கத்திக்கொண்டே அவரும் போனார்.

சொந்தப் புல்வெளியில், சொந்த விறகில் எரியும் நெருப்புக்கு வெளியே, வெள்ளி ஆந்தை தனியாக நின்றார். மருந்துக்கடையில் அவரைத் தெரிந்த ஒருவரும் அந்த முகத்தைப் பார்த்ததில்லை.

இரண்டாவது சுற்றில் டல்சி பின்தங்கினார். கோர்டியின் கை நழுவியது. இருவருக்கும் இடையே ஓர் ஆள் நிற்கும் அளவுக்கு இடைவெளி விழுந்தது. டல்சி தள்ளாடினார்.

லொரெல் உள்ளே நுழைந்தார். கோர்டிக்கு முதுகைக் காட்டி, டல்சியைப் பார்த்தபடி நின்று, அவருடைய இரண்டு கைகளையும் பற்றிக்கொண்டார். வட்டம் நகர்ந்தது. லொரெலும் நகர்ந்தார், பின்பக்கமாக, பூட்ஸின் குதிகாலால் புல்லைத் தடவித் தடவி. கால்கள் எல்லோரும் போன திசையில் போயின. முகம் வின் கற்பித்த திசையையே பார்த்திருந்தது.

"என்னடி இது, முன்னால பார்த்து நடக்கக் கூடாதா?"

"பேசாம வாங்க டல்சி," என்றார் லொரெல். மோவாயை இன்னும் சற்று உயர்த்திக்கொண்டு, அடுத்த அடியைப் பின்னால் வைத்தார்.