பத்தாவது போதும்

பெரியவள் பத்தாவது தேறிய வாரத்தில் அவளுடைய அப்பா ஒரு முடிவெடுத்தார். அதற்காக அன்றைக்கு யாரும் கோபப்படவில்லை. கோபம் வந்து சேர இருபது வருடத்துக்கு மேல் ஆனது.

மூன்று பிள்ளைகளில் அவள் மூத்தவள். அவளுக்குக் கீழே இரண்டு தம்பிகள். வீட்டில் பெரியவள் என்று கூப்பிட்டார்கள், தெருவும் அதையே பிடித்துக்கொண்டது. அப்பா ஒரு ஆலையில் ஸ்டோர் கீப்பர். எந்தச் சரக்கை வெளியே அனுப்பலாம், எதைக் கிடங்கிலேயே வைத்துக்கொள்ள வேண்டும் என்று பார்ப்பது அவர் வேலை. அந்தக் கண்ணோடுதான் வீட்டையும் பார்த்தார்.

"பத்தாவது போதும்," என்றார். "தம்பிங்க படிக்கட்டும். நீ அம்மாவுக்கு ஒத்தாசையா இரு."

"நான் ஸ்கூலுக்குப் போவேன்ப்பா."

"போய்?"

பதினைந்து வயதில் யாரிடம் அதற்குப் பதில் இருக்கும்? தம்பிகளிடம் அந்தக் கேள்வியை யாரும் கேட்கவே இல்லை.

அவள் வகுப்பில் முதல் மாணவி அல்ல. இதைச் சொல்லக் காரணம் உண்டு. இப்படிப்பட்ட கதைகளில் பெண் கெட்டிக்காரியாக இருந்தால்தான் கேட்பவர்களுக்கு வயிறு எரிகிறது. அவள் கணக்கில் தட்டுத்தடுமாறித் தேறியவள். தம்பிகளும் அப்படித்தான். சுமாரான பையன்கள் கல்லூரிக்குப் போவதை யாரும் அதிசயமாகப் பார்ப்பதில்லை. சுமாரான பெண் நிறுத்தப்படுவதையும் யாரும் அநியாயமாகப் பார்ப்பதில்லை.

அவள் ஆயத்த ஆடைகள் தைக்கும் இடத்தில் சட்டைகளை மடித்து அட்டைப்பெட்டியில் அடுக்கும் வேலைக்குப் போனாள். அந்தப் பெட்டிகள் கப்பலேறிய திசையில்தான் பிறகு தம்பிகளும் விமானம் ஏறினார்கள். பெரிய தம்பி பொறியியல், சின்னத் தம்பி கம்ப்யூட்டர். எந்தப் பாடம் எடுத்தால் எந்த நாட்டில் கதவு திறக்கும் என்று சாப்பாட்டு மேசையில் அப்பாவும் பிள்ளைகளும் பேசுவார்கள். அவள் எச்சில் தட்டுகளை எடுத்துக்கொண்டு குறுக்கே போவாள். அவளுக்குக் கல்யாணப் பேச்சு வந்தபோதெல்லாம் ஏதாவது ஒரு தம்பிக்குப் பரீட்சை இருந்தது. பரீட்சைகள் முடிந்தபோது பேச்சும் நின்றிருந்தது. அம்மா இறந்தபோது இருவருக்கும் விடுமுறை கிடைத்தது. சீக்கிரமே தீர்ந்தும் போனது.

மறுவருடம் அப்பாவுக்குப் பக்கவாதம் வந்தது. வலப்பக்கம் முழுவதும் விழுந்துவிட்டது. பேச்சு குழறினாலும் புரிந்தது. இடது கையில் மட்டும், இழந்த பாதியின் பலமும் சேர்ந்து குடியேறியது போல, அசுரப் பிடி.

பெரியவள் வேலையை விட்டாள். விடச்சொல்லி யாரும் கேட்கவில்லை. கேட்க வேண்டிய அவசியமே இல்லாதபடி எல்லாம் ஏற்கெனவே அமைந்திருந்தது. படுத்திருப்பவரை எப்படிப் புரட்டுவது, முதுகு புண்ணாகாமல் எப்படிப் பார்ப்பது, தொண்டையில் சிக்காமல் எப்படிக் கஞ்சி கொடுப்பது என்று ஆஸ்பத்திரி நர்ஸ் சொல்லிக்கொடுத்தாள். மிச்சத்தை அவள் செய்து செய்து தெரிந்துகொண்டாள். அப்புறம் அந்தத் தெருவில் யார் படுக்கையில் விழுந்தாலும் அவளுக்குத்தான் ஆள் வரும். தம்பிகள் செய்ததற்குப் பெயர் தொழில். அவள் செய்ததற்குப் பெயர் உதவி.

பக்கத்து வீட்டு டெய்லரம்மாதான் ஒரு நாள் வாசலில் நின்று கத்தினாள்.

"ஏய் பெரியவளே, பஸ் ஸ்டாண்ட் சுவத்துல நோட்டீஸ் ஒட்டியிருக்கான். வயசானவங்களைப் பார்த்துக்கற டிரெய்னிங்காம். முடிச்சா வெளிநாட்டு வேலையாம்."

"அதெல்லாம் படிச்சவங்களுக்குக்கா."

"பத்தாவது போதுமாம்டி! உங்கப்பா சொன்னதையேதான் அவனும் எழுதியிருக்கான். போய்த் தொலை."

பெரியவள் சிரித்தாள். பிறகு சேர்ந்தாள். மத்தியான நேரங்களில் டெய்லரம்மா தன் தையல் வேலையைத் தூக்கிக்கொண்டு வந்து அப்பாவின் கட்டிலருகே உட்கார்ந்துகொண்டாள். பயிற்சி மையம் ஒரு மாடி அறை. ஒரு கட்டில், ஒரு பிளாஸ்டிக் பொம்மை, ஜன்னலில்லாத சுவர். அங்கே வந்த பெண்களில் ஒருத்திகூட இந்த ஊரில் வேலை பார்ப்பதற்காக வரவில்லை. பொம்மையைப் புரட்டுவதில் அவளுக்குக் கற்க எதுவும் இருக்கவில்லை. பாஷைதான் சிரமம். வேலைக்குப் போகவிருக்கும் நாட்டின் மொழியில் முப்பது நாற்பது வாக்கியங்களை அவள் வீட்டில் அப்பாவிடம் சொல்லிப் பார்த்தாள். புரட்டும்போது ஒன்று, துடைக்கும்போது ஒன்று.

"என்ன பாஷை அது?" என்றார் அப்பா.

"வேலை பாஷைப்பா."

"இப்ப என்ன சொன்ன?"

"வலிக்குதான்னு கேட்டேன்."

அவர் மின்விசிறியைப் பார்த்தபடி சொன்னார்: "நம்ம பாஷையில ஒரு நாளும் நீ அதை என்கிட்ட கேட்டதில்ல."

உண்மைதான். அவரும் அவளிடம் கேட்டதில்லை என்பதும் உண்மை.

"போகப் போறியா?"

"கிடைச்சா போவேன்."

அப்போது அவர் அதைச் சொன்னார். திட்டும் குரலில் அல்ல. மழைக்கு முன்னால் ஜன்னலைச் சாத்தியவர் சொல்வது போல.

"இதுக்குத்தான் அன்னைக்கே நிறுத்தினேன். உன்னையும் படிக்க வெச்சிருந்தா நீயும் அப்பவே போயிருப்ப. அப்புறம் எனக்கு யாரு?"

அவள் கையில் ஈரத்துணி இருந்தது. அதைப் பிழிந்து கொடியில் போட்டுவிட்டுச் சமையலறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். இத்தனை வருடமும் அவள் அதை அறியாமை என்று நினைத்திருந்தாள். ஊரில் எல்லாரும் செய்ததை அவரும் செய்தார், அவ்வளவுதான். யோசிக்காமல் செய்த அநியாயத்தோடு சமாதானமாக வாழ எத்தனையோ வழி இருக்கிறது. காலத்தின் மேல் பழிபோடலாம், வறுமையின் மேல் போடலாம். யோசித்துச் செய்தது என்று தெரிந்துவிட்டால் அந்த வழிகள் எல்லாம் ஒரே நேரத்தில் அடைபடுகின்றன. கல்வி மனிதர்களை இடம்பெயர வைக்கிறது என்று இப்போது அறிஞர்கள் எழுதுகிறார்கள். அந்த ஸ்டோர் கீப்பர் அதை எவரும் எழுதாமலே கண்டுபிடித்திருந்தார். இரண்டு பிள்ளைகளை அனுப்பப் படிப்பைக் கொடுத்தார். ஒருத்தியை வைத்துக்கொள்ள அதே படிப்பைக் கொடுக்கவில்லை. பூட்டுகூட வாங்க வேண்டியிருக்கவில்லை.

தம்பிகளுக்கு விஷயம் எட்டியது. பெரிய தம்பி போனில் வந்தான்.

"என்னக்கா, திடீர்னு இந்த வயசுல? அங்க போய் யார் யாருக்கோ பீ மூத்திரம் அள்ளணுமா உனக்கு?"

"இங்க மட்டும் என்னடா அள்ளிக்கிட்டிருக்கேன், பூவா?"

"அப்பாவுக்குச் செய்யறதும் அதுவும் ஒண்ணாக்கா?"

"நீ வந்து செஞ்சு பாரு. ஒண்ணா இல்லையான்னு சொல்லு."

"என் வேலை அப்படிக்கா, விட்டுட்டு வர முடியாது. உனக்கே தெரியும்."

"தெரியும். எனக்குத்தான் விட முடியாத மாதிரி ஒரு வேலையே இல்லாம பார்த்துக்கிட்டீங்களே."

அவன் அப்பாவிடம் போனைக் கொடுக்கச் சொன்னான். அவள் ஒலியைப் பெரிதாக்கி அவர் காதருகே வைத்தாள். "அப்பா, இது உங்க கையிலதான் இருக்கு," என்றான் தம்பி. அப்பா "ம்" என்றார். அவள் அங்கேயே நின்றுகொண்டிருந்தாள். அவள் நிற்கிறாள் என்பது இருவருக்கும் தெரியும்.

கடைசித் தேர்வு வீடியோவில். வேலை கொடுக்கப்போகும் முதியோர் இல்லத்தின் மேற்பார்வையாளர், நரைத்த தலை, கண்ணாடி. பக்கத்தில் மொழிபெயர்க்க ஒரு ஊழியர். பொம்மையை வைத்துச் செய்வது போதாது, உண்மையான ஒருவரைக் கட்டிலிலிருந்து சக்கர நாற்காலிக்கு மாற்றிக் காட்ட வேண்டும் என்றார்கள். உண்மையான ஒருவர் அவளுக்கு வீட்டிலேயே இருந்தார். டெய்லரம்மா கட்டிலின் கால்மாட்டில் நின்று, மூச்சு விடாமல் போனைப் பிடித்துக்கொண்டாள்.

முதல் கேள்வி பெரியவளுக்கு வரவில்லை.

"ஐயா," என்றார் மொழிபெயர்ப்பவர், "உங்க மக உங்களை நாற்காலிக்கு மாத்தறதை நாங்க பார்க்கலாமா? உங்களுக்குச் சம்மதமா?"

அப்பா அறையைச் சுற்றிப் பார்த்தார், வேறு யாரையோ கேட்கிறார்கள் என்பது போல. பிறகு தொண்டையைச் செருமிக்கொண்டார். "அதுக்கென்ன, தாராளமா."

"பொண்ணு பார்க்க வந்தவர் மாதிரி பேசறாரு பாரு," என்று முணுமுணுத்தாள் டெய்லரம்மா.

பெரியவள் அவர் முழங்காலை மடக்கினாள். தோளுக்கு ஒரு கை, இடுப்புக்கு ஒரு கை. புரட்டப்போன நேரத்தில் அப்பாவின் இடது கை கட்டிலின் கம்பியைப் பிடித்துக்கொண்டது. உடம்பு மரமானது. கண்கள் மட்டும் போனைப் பார்த்தபடி, ரொம்பச் சாதுவாக இருந்தன.

வேறு நாளாக இருந்தால் அவள் யோசித்திருக்க மாட்டாள். சுண்டுவிரலில் ஆரம்பித்து ஒவ்வொரு விரலாகப் பிரித்து எடுத்துவிட்டு வேலையைப் பார்ப்பாள். அவளுக்கு அது பழக்கம். இன்றும் கை தானாக அந்தச் சுண்டுவிரலை நோக்கிப் போனது. கோபம் தலைக்கு ஏறியிருந்தது. பிரிக்க வேண்டும் என்றல்ல, ஒடிக்க வேண்டும் என்றே இருந்தது. அந்த வேகத்தைக் கண்டு அவளே பயந்தாள். கையை எடுத்துக்கொண்டாள்.

கட்டில் ஓரத்தில் உட்கார்ந்தாள்.

"வலிக்குதாப்பா?" தன் மொழியில்தான் கேட்டாள்.

"இல்ல."

"பயமா இருக்கா?"

"இதுல ஜெயிச்சா போயிடுவியா?" என்றார்.

"போயிடுவேன். அது வேற. இப்ப நாற்காலிக்குப் போகணுமா, வேணாமா? அதை மட்டும் சொல்லுங்க."

"வேணாம்."

அவள் எழுந்தாள். அவர் முழங்காலை நேராக்கி, போர்வையை இழுத்துவிட்டாள். போனைப் பார்த்து அந்த நாட்டு மொழியில், "அவருக்கு வேண்டாம்," என்றாள். அந்த ஒரு வாக்கியத்தில் பாடத்துக்கு வெளியே எதுவும் இல்லை.

போன் அணைந்ததும் டெய்லரம்மா பொரிந்து தள்ளினாள். "யோவ் பெரிய மனுஷா, நல்லா இருப்பியா நீ? பெத்த பொண்ணு வாயில மண்ணைப் போட்டுட்டு எப்படிய்யா தூக்கம் வரும் உனக்கு?" அப்பா கம்பியை விட்டுவிட்டார். அவர் முகத்தில் வெற்றி இருந்தது என்று பிறகு டெய்லரம்மா எல்லாரிடமும் சொன்னாள்.

முடிவு அந்த வாரமே வந்தது. எடுத்துக்கொண்டார்கள். காரணத்தையும் சொன்னார்கள்: தூக்கத் தெரிந்தவர்கள் நிறையப் பேர் வருகிறார்கள், வேண்டாம் என்று ஒருவர் சொன்னால் நிறுத்தத் தெரிந்தவர்கள் குறைவு.

டெய்லரம்மா குதித்தாள். பெரியவளுக்குச் சந்தோஷம் வந்தது, ஆனால் அது தனியாக வரவில்லை. ஒரு கிழவர் வேண்டாம் என்றால் ஒரு நாடே நின்று கேட்கிறது. அவள் போவேன் என்று சொன்னபோது நிற்க ஒருவரும் இல்லை. அந்த நாட்டைப் புகழவும் எனக்குத் தோன்றவில்லை. சொந்தப் பிள்ளைகள் செய்ய விரும்பாத வேலைக்கு, வேறெங்கோ ஒரு வீட்டில் ஒருத்தி கூலியில்லாமல் கற்ற திறமையை, கற்பித்த செலவின்றி எடுத்துக்கொள்கிறது. மரியாதையாக எடுத்துக்கொள்கிறது, அவ்வளவுதான் வித்தியாசம். அவளுக்கு அதுவரை அந்த வித்தியாசம்கூடக் கிடைத்ததில்லை.

தம்பிகள் மாறி மாறிப் பேசினார்கள். அப்பாவை யார் பார்ப்பது என்ற ஒரே கேள்வியை விதவிதமாகக் கேட்டார்கள். "ரெண்டு பேர் இருக்கீங்களே, படிச்சவங்க, யோசிங்க," என்றாள். யோசித்தார்கள். யோசித்து, சம்பளத்துக்கு ஆள் வைத்தார்கள். வந்தவள் பெரியவளோடு அதே மாடி அறையில் பொம்மையைப் புரட்டியவள்.

"எத்தனை நாள் இருப்ப?" என்றார் அப்பா அவளிடம்.

"எனக்கும் இண்டர்வியூ இருக்குங்க ஐயா. அது வர்ற வரைக்கும்," என்றாள் அவள், ஒளிவுமறைவு இல்லாமல்.

பெரியவள் கிளம்பிய காலையில் வாசலில் கார் நின்றது. புதியவளுக்குக் கட்டிலருகே நின்று கடைசியாகச் சொன்னாள்: "கம்பியைப் பிடிச்சுக்குவாரு. விரலைப் பிரிக்காத. வேணுமா வேணாமான்னு கேளு, நில்லு."

பிறகு அப்பாவின் பக்கம் குனிந்தாள். "வரேன்ப்பா."

அப்பாவின் இடது கை அவள் மணிக்கட்டைப் பிடித்தது. கண்களில் நீர் இருந்தது. அது அவளுக்காகவா, தனக்காகவா என்று பிரித்துப் பார்க்க அவளுக்கு நேரமும் இல்லை, விருப்பமும் இல்லை.

"விடுங்கப்பா."

"வேணாம்."

வெளியே கார் ஹாரன் அடித்தது. டெய்லரம்மா பெட்டியோடு வாசலில் நின்றாள். புதியவள் பெரியவளைப் பார்த்தாள். இப்போதுதானே சொன்னாள், கேளு, நில்லு என்று. பெரியவள் கொஞ்சம் நின்றாள். அவர் கட்டில் கம்பியைப் பிடித்திருந்தால் இன்னும் நின்றிருப்பாள். அது அவருடைய கட்டில்.

இது அவளுடைய கை. சுண்டுவிரலில் ஆரம்பித்து, வலிக்காதபடி, ஒவ்வொரு விரலாகப் பிரித்தாள். அந்தக் கையை எடுத்துப் போர்வைக்குள் வைத்தாள். போனாள்.